மூன்று தடவை கேட்பார்கள்

துலுங்காகுங்
5 மே 1996

அன்புத் தங்கை லஸ்மினிக்கு,

உன் மேல் இறைவனின் அமைதி இறங்கட்டும். இங்கே எல்லோரும் சுகம். அங்கே நீயும் அப்படியே இருக்க ஐந்து வேளையும் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

சிங்கப்பூருக்கு வீட்டு வேலைக்குப் போய் நீ எழுதின முதல் கடிதத்தைப் படித்தபோது வீட்டில் இருந்தவர்கள்: நான், உன் மச்சான் தார்மோ, உன் மகள் ரெட்னோ, உப்பு கேட்டு வந்த பக்கத்து வீட்டு காசியெம். தபால்காரரையும் உட்காரச் சொன்னேன். இரண்டு தடவை வேண்டாம் என்றார், மூன்றாவது தடவை உட்கார்ந்தார். ஆக ஐந்து பேர்.

நீ எழுதியிருந்த டீ விஷயத்தை நான் சத்தமாகப் படித்தேன். உன் மேடம் டீ வேணுமா என்று கேட்டிருக்கிறார்கள். நம் ஊரில் வேண்டாம் என்பதற்குச் சொல்கிற மாதிரி நீ வெறும் ‘தேங்க் யூ’ என்று சொல்லியிருக்கிறாய். அவர்கள் அதை வேணும் என்று எடுத்துக்கொண்டு பால் ஊற்றின டீயைக் கொண்டுவந்து வைக்க, நீ மூன்று நாள் கண்ணை மூடிக்கொண்டு விழுங்கியிருக்கிறாய். காசியெம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, “அடியே, நாலாவது நாள் மாட்டையே கொண்டாந்து கட்டிட்டுப் போயிருப்பா!” என்றாள். தபால்காரருக்குப் புரையேறிவிட்டது.

நாலாம் வகுப்போடு நின்றவள்தான் நான். ஆனாலும் அட்டை போன அந்த இங்கிலீஷ் புத்தகத்தை இதோடு ஏழு தடவை முடித்துவிட்டேன், உனக்குத் தெரியும். முப்பத்தோராம் பக்கத்தில் இதற்கென்றே ஒரு பாடம் இருக்கிறது: உதவட்டுமா என்று கேட்பது, ஏற்பது, மரியாதையாக மறுப்பது. வேண்டுமென்றால் ‘யெஸ், ப்ளீஸ்’. வேண்டாமென்றால் ‘நோ, தேங்க் யூ’. அந்த ‘நோ’வை விட்டால் மறுபடி பால் டீதான்.

புத்தகத்தில் இல்லாததையும் சொல்கிறேன். கேட்ட உடனே ‘யெஸ், ப்ளீஸ்’ என்று நீட்டிவிடாதே. எந்த வீட்டில் வளர்ந்தது இது என்று நினைப்பார்கள். முதல் தடவை நோ. இரண்டாவது தடவையும் நோ. மூன்றாவது தடவை தலையைக் குனிந்துகொண்டு யெஸ். வெள்ளைக்காரர்களும் மனுஷர்கள்தான். மனசிருந்தால் மூன்று தடவை கேட்பார்கள்.

ரெட்னோ கணக்கில் முதல் மதிப்பெண். உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா
முர்த்தியா

~

சிங்கப்பூர்
9 ஜூன் 1996

அக்காவுக்கு சலாம். மச்சானுக்கும் சொல்லு. ரெட்னோவுக்கு ஆயிரம் முத்தம்.

நீ சொல்லிக் கொடுத்தது பலிச்சிடுச்சு. ‘நோ, தேங்க் யூ’ன்னு சொன்னேன், டீ நின்னுபோச்சு. ஆனா கேக்கும் நின்னுபோச்சு, அதைக் கேளு.

மேடத்துக்குப் பொறந்த நாள். சாக்லேட் கேக். வெட்டி முடிச்சு, “லஸ்மினி, உனக்கு ஒரு துண்டு தரட்டுமா?”ன்னு கேட்டாங்க. நான் அடக்கமா “நோ, தேங்க் யூ, மேடம்”. அவங்க சிரிச்ச முகமா சரின்னுட்டு, மிச்சத்தை டப்பாவுல போட்டு ஃப்ரிட்ஜுக்குள்ள வெச்சிட்டாங்க. நான் ஃப்ரிட்ஜ் கதவையே பார்த்துக்கிட்டு நின்னேன். ராத்திரிச் சாப்பாடு வரைக்கும் காத்திருந்தேன் அக்கா. ரெண்டாவது தடவை வரவே இல்லை.

பக்கத்து வீட்டுல யாத்மின்னு ஒருத்தி வேலை செய்யறா, பிளிதார்க்காரி, நம்ம பக்கம்தான். துணி காயப்போடற இடத்துல அவகிட்ட சொன்னேன். “உன் ரெண்டாவது தடவை ஃப்ரிட்ஜுக்குள்ள உறைஞ்சு கெடக்கு, போய் சுரண்டி எடுத்துக்கோ போடி”ங்கறா. வாயாடி.

மேடம் நல்லவங்கதான். என் அறைக்குள்ள வர்றதுக்குக்கூட கதவைத் தட்டிட்டுத்தான் வர்றாங்க. அது அவங்க வீடு, அவங்க கதவு. ஆனாலும் தட்டறாங்க.

ஒண்ணு கேக்கணும். அம்மாவுக்கு அது முதல்ல எந்தப் பக்கம் வந்தது? இடதா, வலதா? சும்மாதான் கேக்கறேன். துணி மடிக்கும்போது ஞாபகம் வந்தது.

லஸ்மினி

~

துலுங்காகுங்
27 ஜூன் 1996

தங்கை லஸ்மினிக்கு அமைதி உண்டாகட்டும்.

கேக் கதையை ரெட்னோவுக்குப் படித்துக் காட்டினேன். “அம்மா ஏன் எடுத்துத் தின்னலை?” என்று கேட்கிறாள். இவளுக்கு நான் இன்னும் நிறையச் சொல்லிக் கொடுக்க வேண்டும்.

நீ ‘நோ’வைக் கொஞ்சம் விறைப்பாகச் சொல்லியிருப்பாய். அதனால்தான் நிஜமாகவே வேண்டாம் என்று நினைத்துவிட்டார்கள். முப்பத்திரண்டாம் பக்கத்தில் இன்னொரு வாக்கியம் இருக்கிறது, கூடவே சேர்த்துச் சொல்: ‘ப்ளீஸ் டோன்ட் ட்ரபிள் யுவர்செல்ஃப்.’ சிரமப்படாதீர்கள் என்று அர்த்தம். அதைக் கேட்டால் எந்த மனுஷியும், “இதில் என்ன சிரமம்?” என்று சொல்லியே ஆக வேண்டும். இரண்டாவது தடவை அப்படித்தான் பிறக்கும்.

அம்மாவுக்கு இடது பக்கம். அக்குளுக்குக் கீழே, சாலாக் பழக் கொட்டை அளவுக்கு ஒரு கட்டி. வலி இல்லை, வலி இல்லை என்றே ஆறு மாசம் ரவிக்கைக்குள் மறைத்து வைத்திருந்தாள். நீ அப்போது சின்னவள். ஏன் கேட்டாய்?

முர்த்தியா

~

சிங்கப்பூர்
21 ஜூலை 1996

அக்கா,

சலாம். எல்லாரும் சுகமா? நான் சுகம்.

போன வாரம் ஜன்னல் திரையை மாட்டிக்கிட்டிருந்தேன். இடது கையைத் தூக்கினப்போ கொஞ்சம் முகம் சுளிச்சிருக்கேன் போல. மேடம் பார்த்துட்டாங்க. மெதுவாத்தான் கேட்டாங்க: “உன்னை டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போகட்டுமா?”

நான் சரியாச் சொன்னேன் அக்கா. விறைப்பா சொல்லலை. தலையைக் குனிஞ்சுக்கிட்டு, சிரிச்சுக்கிட்டு, நீ எழுதின மாதிரியே ரெண்டு வாக்கியத்தையும் சேர்த்துச் சொன்னேன்: நோ, தேங்க் யூ, மேடம். ப்ளீஸ் டோன்ட் ட்ரபிள் யுவர்செல்ஃப்.

 அப்புறம் “ஆர் யூ ஷுவர்?”னு கேட்டாங்க. எனக்கு அது சரியாப் புரியலை. “யெஸ், மேடம்”னேன். அவங்க என் தோளைத் தொட்டுட்டுப் போயிட்டாங்க.

‘ஷுவர்’னா என்ன? அகராதியைப் பார்த்து எழுது. அது கணக்குல சேருமா?

அம்மாவைப் பத்திக் கேட்டது சும்மாதான். நீ பயப்படாதே.

லஸ்மினி

~

துலுங்காகுங்
8 ஆகஸ்ட் 1996

தங்கை லஸ்மினிக்கு,

இறைவன் உன் பக்கம் இருக்கட்டும். இங்கே சுகம் என்று எழுதுவது வழக்கம், எழுதிவிட்டேன்.

அகராதியைப் பார்த்தேன். ‘ஷுவர்’ என்றால் நிச்சயம். அதாவது உனக்கு நிச்சயமா என்று கேட்டிருக்கிறார்கள். அது உன்னைப் பற்றிய கேள்வி, உதவியைப் பற்றியது இல்லை. அதில் டாக்டர் என்ற சொல்லும் இல்லை, கூட்டிப்போகிறேன் என்ற சொல்லும் இல்லை. வீட்டுச் செலவு எழுதும் நோட்டில் கடைசிப் பக்கத்தை இதற்காக ஒதுக்கினேன். ‘டாக்டர்: ஒன்று’ என்று எழுதி, ‘ஷுவர்’ கணக்கில் வராது என்று பக்கத்தில் குறித்தேன். இன்னும் இரண்டு பாக்கி.

ஒரு தடவை வாய்விட்டுக் கேட்டவர்கள் மறுபடி கேட்பார்கள். கதவைத் தட்டிவிட்டு வருகிற மனுஷி கேட்காமல் விடமாட்டாள். நீயாகப் போய் நிற்காதே. வேலைக்கு வந்த இடத்தில் நாமே வாயைத் திறந்து கேட்டால் அவர்கள் தலையில் பாரத்தை ஏற்றினது போல ஆகிவிடும். பொறு.

வியாழக்கிழமை யாசீன் ஓதினோம். பதினாலு பேர் வந்தார்கள். யாருக்காக என்று கேட்டார்கள், வெளியூரில் இருப்பவர்களுக்காக என்று பொதுவாகச் சொன்னேன்.

கையில் என்ன என்று ஒரு வரி எழுது. ஒரே ஒரு வரி.

முர்த்தியா

~

சிங்கப்பூர்
1 செப்டம்பர் 1996

அன்பு அக்காவுக்கு,

சலாம். கையெழுத்து கோணலா இருந்தா மன்னிச்சுக்கோ. பஸ்ஸில உட்கார்ந்து எழுதறேன்.

நானும் உன்னை மாதிரியே ஒரு நோட்டு போட்டுட்டேன். மழை வந்தப்போ மேடம், குடை தரட்டுமான்னாங்க: ஒண்ணு. சந்தையில, கூடையை நான் தூக்கட்டுமான்னாங்க: ஒண்ணு. ஞாயித்துக்கிழமை, நீ படுத்துக்கோ, சமையலை நான் பார்க்கட்டுமான்னாங்க: ஒண்ணு. டாக்டர்: ஒண்ணு. எல்லாமே ஒண்ணு ஒண்ணுதான் அக்கா. இந்த நோட்டுல ரெண்டுன்னு எழுதவே இடம் வரலை.

யாத்மி திட்டறா. “முதல்லயே சரின்னு சொல்லித் தொலையேன்டி, உன் அக்கா என்ன போலீஸா?”ன்னு. நீயே சொல்லு, அஞ்சு மாசமா ஒழுங்கா இருந்துட்டு, இப்ப திடீர்னு கையை நீட்டினா மேடம் என்ன நினைப்பாங்க?

முற்றத்துல மாமரம் பூத்துடுச்சா? இந்த வருஷம் ரெட்னோ மரமேறினா அடிக்காதே. மச்சானை கீழே நிக்கச் சொல்லு.

லஸ்மினி

~

துலுங்காகுங்
17 செப்டம்பர் 1996

லஸ்மினி,

பஸ்ஸில் எழுதினால் எழுத்து மேலும் கீழும் குதிக்கும். உன் எழுத்து குதிக்கவில்லை. ஒவ்வொரு வரியும் முடிகிற இடத்தில் கீழே சாய்ந்திருக்கிறது. படுத்துக்கொண்டு எழுதியிருக்கிறாய். அம்மா கடைசியில் எனக்குக் கடைச் சாமான் பட்டியல் எழுதிக் கொடுத்ததும் இப்படித்தான் சாயும். அதை இன்னும் வைத்திருக்கிறேன், இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன்.

இப்போது அக்கா சொல்வதைக் கேள். நான் சொன்ன கணக்கை விட்டுவிடு. அடுத்த தடவை மேடம் எதைக் கேட்டாலும், குடையோ கூடையோ எதுவானாலும், முதல் தடவையிலேயே ‘யெஸ், ப்ளீஸ்’ என்று சொல். மரியாதை கெட்டுப்போனால் கெடட்டும். யாராவது கேட்டால் என் அக்கா சொல்லிக்கொடுத்தது தப்பு என்று சொல். கேட்கவே இல்லையென்றால் நீயே போய்க் கேள். யாத்மி வாயாடியாக இருந்தாலும் அவள் சொன்னதுதான் சரி.

இந்தக் கடிதம் கிடைத்த அன்றே பதில் போடு.

முர்த்தியா

~

துலுங்காகுங்
9 அக்டோபர் 1996

லஸ்மினி,

இருபத்திரண்டு நாள் ஆயிற்று. தபால்காரர் இப்போது நம் வீட்டு வாசலில் சைக்கிளை மெதுவாக ஓட்டுவதில்லை, வேகமாகப் போய்விடுகிறார். என் முகத்தைப் பார்க்க அவருக்குக் கூச்சம்.  ரெட்னோ தானாகவே மரத்தடியில் போய் நிற்கிறாள், ஏறுவதில்லை.

ஒரு வரி போதும்.

அக்கா

~

(மேடத்தின் கடிதம். அகராதியை வைத்து நான்கு நாளில் என் நோட்டில் நான் எழுதிக்கொண்டபடி. – மு.)

சிங்கப்பூர்
21 அக்டோபர் 1996

மதிப்பிற்குரிய முர்த்தியாவுக்கு,

நீங்கள் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். உங்கள் தங்கை மூன்று வாரங்களுக்கு முன் சமையலறையில் மயங்கி விழுந்தார். மருத்துவமனையில் சேர்த்திருக்கிறோம். மார்பில் தொடங்கி எலும்பு வரை பரவிவிட்டது என்கிறார்கள். இனிச் செய்வதற்கு அதிகம் இல்லை என்று டாக்டர் சொன்னதை உங்களிடமிருந்து மறைக்க எனக்கு உரிமை இல்லை.

ஜூலையில் நான் அவரை டாக்டரிடம் அழைத்துப்போகவா என்று கேட்டேன். வேண்டாம், நன்றி, சிரமப்படாதீர்கள் என்றார். நிச்சயமா என்று மறுபடியும் கேட்டேன். ஆமாம் என்றார். ஒருவர் வேண்டாம் என்று சொன்ன பிறகும் வற்புறுத்துவது அவரை மதிக்காததாகும் என்றே நான் வளர்க்கப்பட்டேன். இப்போது இரவெல்லாம் அதை நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

அவர் பயணம் செய்ய இன்னும் சில வாரங்கள்தான் முடியும். ஒரு தாதியுடன் விமானத்தில் உங்களிடம் அனுப்பிவைக்க நாங்கள் தயார். அவரிடம் கேட்டேன். “நோ, தேங்க் யூ, மேடம்” என்றார். எனவே உங்கள் விருப்பத்தைக் கேட்கிறேன். நவம்பர் 4, திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு உங்கள் ஊர் அலுவலகத்துக்கு ஃபோன் செய்கிறேன். நீங்கள் எதைச் சொன்னாலும் அதை மதிப்பேன்.

எலினோர் கார்வெல்

~

(தேதி இல்லை. நவம்பர் 7 அன்று வந்தது.)

அக்கா,

நான் சொல்லச் சொல்ல யாத்மி எழுதறா. மேடம் நேத்து, வீட்டுக்குப் போறியான்னு கேட்டாங்க. உன் கடிதம் வந்து யாத்மி படிச்சுக் காட்டியிருந்தா, எல்லாம் தெரியும். ஆனா வாயைத் திறந்தா நோன்னுதான் வருது. பழகிப்போச்சு. பின்னாடியே யெஸ்ஸுன்னு சொல்றதுக்குள்ள அவங்க கண்ணைத் துடைச்சுக்கிட்டு வெளியே போயிட்டாங்க.

உன்னைக் கேக்கப் போறாங்களாம். எனக்கு நிம்மதியா இருக்கு. நீ இங்கிலீஷ் தெரிஞ்சவ.

நான் வரணும் அக்கா. நம்ம வாசல்ல பாய் போட்டு படுத்துக்கறேன், ரெட்னோ பக்கத்துல உட்கார்ந்து கணக்குப் போடட்டும். வேற ஒண்ணும் வேணாம்.

லஸ்மினி

(முர்த்தியா அக்கா, நான் யாத்மி. மேடம்கிட்ட நானே சொல்றேன்னா, வேணாம், அக்கா சொல்லிக்குவாங்கறா. சீக்கிரம் பண்ணுங்க. இவ சிரிச்சுக்கிட்டே சொல்றா, பார்க்க முடியலை.)

~

துலுங்காகுங்
8 நவம்பர் 1996

மரியாதைக்குரிய மேடத்துக்கு,

உங்கள் வீட்டின் மேல் அமைதி இறங்கட்டும். நீங்களும் ஐயாவும் சுகம் என்று நம்புகிறேன்.

இதை நான் இங்கிலீஷில் எழுதவில்லை. இங்கிலீஷில் எழுதினாலும் ஃபோனில் பேசினாலும் மறுபடியும் தப்பாகிவிடும். பக்கத்து வீட்டு யாத்மியைக் கூப்பிட்டு வாசிக்கச் சொல்லுங்கள். யாத்மி, ஒரு சொல்லையும் விடாமல், எதையும் மரியாதைக்காக மாற்றாமல் சொல்லு.

திங்கட்கிழமை நீங்கள் கூப்பிட்டபோது அலுவலகத்தில் இருந்தவர்கள்: ஊர்த்தலைவர், எழுத்தர், என் கணவர், காசியெம், லஸ்மினியின் மகள் ரெட்னோ, நான். ஆறு பேர். எட்டு மணிக்கே போய்விட்டோம். அதற்கு முந்தின நாள் முழுக்க தஸ்பீஹ் மணியை உருட்டி, தொண்ணூற்றொன்பது தடவை ‘யெஸ், ப்ளீஸ்’ சொல்லிப் பழகியிருந்தேன். இறைவன் மன்னிக்கட்டும், அந்த மணி அதற்கானது இல்லை.

ஃபோனில் உங்கள் குரல் வந்தது. இங்கிலீஷ்காரர் ஒருவரோடு நான் பேசினது என் நாற்பத்தாறு வயசில் அதுதான் முதல் தடவை. “அவரை உங்களிடம் அனுப்பிவைக்கட்டுமா?” என்றீர்கள். எல்லோரும் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நீங்கள் எவ்வளவு பெரிய உதவியை எவ்வளவு மெதுவாகக் கேட்கிறீர்கள் என்று நினைத்தேன். அதை உடனே வாங்கிக்கொள்ள என் நாக்கு கூசிவிட்டது. “நோ, தேங்க் யூ, மேடம். ப்ளீஸ் டோன்ட் ட்ரபிள் யுவர்செல்ஃப்” என்று நானே சொல்வது என் காதில் விழுந்தது.

நீங்கள் “ஆர் யூ ஷுவர்?” என்றீர்கள்.

அப்போதுதான் புரிந்தது மேடம். அதுதான் இரண்டாவது தடவை. ஜூலையிலும் அதுதான் இரண்டாவது தடவை. என் தங்கையை நீங்கள் இரண்டு தடவை கேட்டிருக்கிறீர்கள். நான்தான் அது கணக்கில் வராது என்று எழுதி அனுப்பினேன்.

விட்டுவிடக் கூடாது என்று நான் கத்தினேன், “யெஸ்! யெஸ், மேடம்! யெஸ்!” அனுப்புங்கள் என்றுதான் கத்தினேன். “புரிகிறது. நாங்கள் இங்கேயே நன்றாகப் பார்த்துக்கொள்கிறோம்” என்றீர்கள். ஃபோன் நின்றது.

எழுத்தருக்குக் கொஞ்சம் இங்கிலீஷ் தெரியும். அவர்தான், “அக்கா, நிச்சயமான்னு கேட்டதுக்கு ஆமாம்னு சொல்லிட்டீங்களே” என்றார். ரெட்னோ என் சேலையைப் பிடித்து, “அம்மா எந்தக் கிழமை வர்றாங்க?” என்று கேட்டாள். 

அன்று அலுவலகம் பூட்டும்வரை ஃபோன் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன், மூன்றாவது தடவை வரும் என்று. செவ்வாயும் புதனும் நகரத்துக்குப் போய் ஃபோன் கடையிலிருந்து உங்கள் வீட்டுக்குக் கூப்பிட்டேன். மணி அடித்தது, எடுக்க ஆளில்லை. ஆஸ்பத்திரியில் இருந்திருப்பீர்கள். அந்த நேரத்தில் அவள் தலையை நீங்கள் வருடிக்கொண்டிருந்திருப்பீர்கள், எனக்குத் தெரியும். உங்கள் மேல் எந்தக் குறையும் இல்லை. நேற்று அவள் கடிதம் வந்தது. வரணும் என்று எழுதியிருக்கிறாள்.

இங்கிருந்து கடிதம் போய்ச் சேரப் பத்து நாளாவது ஆகும். நீங்கள் எழுதின சில வாரங்களில் எத்தனை மிச்சம் என்று என் நோட்டில் போட்டுப் பார்த்தேன். அந்தக் கணக்கை இங்கே எழுத மாட்டேன்.

எங்கள் பக்கத்தில் யாரும் தாமாகக் கேட்பதில்லை மேடம். மற்றவர்கள் தரும்வரை காத்திருப்போம், தந்தாலும் தள்ளிவிடுவோம். அதை மரியாதை என்று என் தங்கைக்குக் கடிதத்தில் பாடம் எடுத்தவள் நான். இன்றைக்கு நானாகக் கேட்கிறேன். லஸ்மினியை வீட்டுக்கு அனுப்பிவையுங்கள். உயிரோடு இருந்தால் தாதியோடு. இல்லையென்றாலும் அனுப்பிவையுங்கள். எனக்கு நிச்சயம். அவள் நோ என்றால் அதைக் கேட்காதீர்கள். நான் நோ என்றாலும் கேட்காதீர்கள்.

தயவுசெய்து சீக்கிரம் பதில் எழுதுங்கள்.

முர்த்தியா